படிக்கட்டில் பச்சைக்குதிரை தாண்டி இறங்கிய அண்ணன் தம்பி

கேள்வி இதுதான்: கோட் போட்ட இரண்டு கறுப்பின இளைஞர்கள் ஒரு பெரிய படிக்கட்டில் ஒருவரை ஒருவர் தாண்டிக் குதித்து, ஒவ்வொரு படியிலும் காலை அகல விரித்து விழுந்து எழும் அந்தப் பழைய கறுப்பு வெள்ளைக் காட்சி அடிக்கடி கண்ணில் படுகிறது. அவர்கள் யார், அதில் கேமரா தந்திரம் ஏதாவது இருக்கிறதா, இவ்வளவு திறமை இருந்தும் ஹாலிவுட்டின் நடன நட்சத்திரங்கள் ஃபிரெட் அஸ்டேர், ஜீன் கெல்லி அளவுக்கு ஏன் அவர்கள் பெயர் பரவவில்லை?

அவர்கள் நிக்கலஸ் சகோதரர்கள். அண்ணன் ஃபயார்ட், 1914-இல் பிறந்தவர். தம்பி ஹெரால்டு, 1921-இல் பிறந்தவர். நீங்கள் பார்த்த காட்சி 1943-இல் டுவென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் எடுத்த ‘ஸ்டார்மி வெதர்’ படத்தில் வருகிறது. கேமரா தந்திரம் எதுவும் இல்லை. மூன்றாவது கேள்விக்குத்தான் நீளமாகப் பதில் சொல்ல வேண்டும், ஏனென்றால் அந்தக் காட்சி ஏன் அவ்வளவு வெறித்தனமாக இருக்கிறது என்பதற்கும் அவர்கள் ஏன் கதாநாயகர்கள் ஆகவில்லை என்பதற்கும் காரணம் ஒன்றுதான் என்று நான் நினைக்கிறேன். கடைசியில் அங்கே வருகிறேன்.

முதலில் வீட்டிலிருந்து ஆரம்பிப்போம். அப்பா யுலிசிஸ் டிரம்ஸ் வாசிப்பவர், அம்மா வயோலா பியானோ. இருவரும் பிலடெல்பியாவில் ஸ்டாண்டர்ட் தியேட்டர் என்ற அரங்கில் தங்களுடைய இசைக்குழுவை நடத்தினார்கள். அது கறுப்பின ரசிகர்களுக்கான அரங்கு, பாட்டு, நடனம், நகைச்சுவை, கழைக்கூத்து மாதிரியான வித்தை எல்லாம் ஒரே நிகழ்ச்சியில் கலந்து வரும் வாடெவில் மேடை. அப்பா அம்மா மேடைக்கு முன்னால் வாசித்துக்கொண்டிருக்க, சின்னப் பையன் ஃபயார்ட் முன்வரிசையில் உட்கார்ந்து வருகிற போகிற எல்லா ஆட்டக்காரர்களையும் பார்த்தான். ஒரு டான்ஸ் கிளாஸுக்கும் போனதில்லை. பார்த்ததை வீட்டில் ஆடிப் பார்ப்பான், பிறகு தங்கை டாரதிக்கும் தம்பி ஹெரால்டுக்கும் சொல்லிக்கொடுப்பான். முதலில் மூன்று பேரும் ‘நிக்கலஸ் கிட்ஸ்’ என்று ஆடினார்கள். டாரதி விலகிய பிறகு சகோதரர்கள் இருவரும் மிஞ்சினார்கள்.

அப்பா சொன்னது என்று ஃபயார்ட் பிற்காலத்தில் நினைவுகூர்ந்த அறிவுரை ஒன்று உண்டு: மற்றவன் ஆடுவதைக் காப்பியடிக்காதே, உன் காலைப் பார்க்காதே, எதிரே உட்கார்ந்திருக்கிறவர்களைப் பார். அவர்களுடைய எந்தப் படத்தை எடுத்துப் பார்த்தாலும் இது தெரியும். கால் என்ன செய்தாலும் முகம் நிமிர்ந்து சிரித்துக்கொண்டிருக்கும்.

1932-இல் அவர்கள் நியூயார்க் ஹார்லெமில் காட்டன் கிளப்புக்கு வந்தார்கள். லெனாக்ஸ் அவென்யூவும் 142-ஆம் தெருவும் சேரும் இடத்தில் இருந்தது அது. மேடையில் ஆடுகிறவர்கள், பாடுகிறவர்கள், வாசிக்கிறவர்கள் எல்லோரும் கறுப்பினத்தவர்கள், காசு கொடுத்து உட்கார்ந்து பார்க்கிறவர்கள் வெள்ளைக்காரர்கள். டியூக் எலிங்டன், கேப் கேலவே போன்றவர்களின் இசைக்குழுக்கள் முழங்கிய மேடை. அங்கே ஹெரால்டு ஏறியபோது அவனுக்கு 11 வயது. அதே ஆண்டு பியானோ கலைஞர் யூபி பிளேக்குடன் ஒரு குறும்படத்தில் ஆடினார்கள். அதிலிருந்து சாமுவேல் கோல்ட்வின் தயாரித்து எடி கேன்டர் நடித்த ‘கிட் மில்லியன்ஸ்’, 1934. இரண்டே வருஷத்தில் ஹாலிவுட்.

நடுவில் நியூயார்க்கின் பெரிய நாடக மேடையான பிராட்வேயும் உண்டு. 1936-இன் ‘சீக்ஃபெல்ட் ஃபாலிஸ்’, 1937-இல் ‘பேப்ஸ் இன் ஆர்ம்ஸ்’. இரண்டாவதற்கு நடனம் அமைத்தவர் ஜார்ஜ் பாலன்ஷின், ரஷ்யாவிலிருந்து வந்த பாலே மேதை. வரிசையாகக் குனிந்து நிற்கும் பெண்களுக்கு மேலாக அண்ணன் தாவுவார், தம்பி அவர்களின் கால்களுக்கு இடையே வழுக்கிக்கொண்டு போவார். எங்கே பாலே படித்தீர்கள் என்று பலர் கேட்டிருக்கிறார்கள். எங்கேயும் படிக்கவில்லை.

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லிவிட வேண்டும். இவர்களைப் பற்றி எழுதுகிறவர்கள் பலர் ‘ஃப்ளாஷ் ஆக்ட்’ என்ற சொல்லைப் பயன்படுத்துவார்கள், அதாவது குட்டிக்கரணமும் தாவலும் காட்டிக் கைதட்டு வாங்கும் வித்தைக்காரர்கள் என்ற பொருளில். சகோதரர்களுக்கு அது பிடிக்கவில்லை. தாங்கள் ஆடுவது ‘கிளாசிக்கல் டாப்’ என்றார் ஃபயார்ட். அவர் சொல்வதுதான் சரி என்பது என் கருத்தும். டாப் நடனத்தில் ஷூவின் முனையிலும் குதிகாலிலும் உலோகத் தகடு இருக்கும், தரையே தாள வாத்தியம். நிறைய டாப் கலைஞர்களுக்கு இடுப்புக்குக் கீழேதான் நடனம், மேலே உடம்பு சும்மா கூட வரும். இவர்களுக்கு அப்படி இல்லை. குறிப்பாக ஃபயார்டின் கைகள். ஒரு தாவல் முடிந்து உடம்பு தரைக்கு வந்த பிறகும் அந்தக் கைகள் காற்றில் மெல்ல ஒரு கோடு வரைந்துதான் அடங்கும். அந்தக் கைகள்தான் ஒரு வித்தையை நடனமாக மாற்றுகின்றன. ஹெரால்டு குள்ளம், வேகம், சுத்தம், கூடவே அருமையான பாட்டுக் குரல்.

1940-இல் ஃபாக்ஸின் ‘டவுன் ஆர்ஜென்டைன் வே’ வந்தது. பெட்டி கிரேபிளை நட்சத்திரமாக்கிய படம், கார்மென் மிராண்டாவின் முதல் ஹாலிவுட் படம். இவர்கள் வருவது சில நிமிடம்தான், ஆனால் அந்தச் சில நிமிடத்துக்காகத் தியேட்டரில் ஜனங்கள் தரையை உதைத்து ஆரவாரம் செய்ததாகவும், சில இடங்களில் ஆபரேட்டர் ரீலைப் பின்னால் சுற்றி மறுபடி ஓட்டியதாகவும் சொல்வார்கள். ஃபாக்ஸ் அவர்களுக்கு ஒப்பந்தம் கொடுத்தது. அப்புறம் வரிசையாக ‘டின் பேன் ஆலி’, ‘தி கிரேட் அமெரிக்கன் பிராட்காஸ்ட்’, கிளென் மில்லர் இசைக்குழு நடித்த ‘சன் வேலி செரனேட்’, ‘ஆர்கெஸ்ட்ரா வைவ்ஸ்’. ‘சன் வேலி செரனேட்’டில் ரயில் பாட்டுக்கு அவர்களோடு ஆடிய பெண் டாரதி டான்ட்ரிட்ஜ். ஹெரால்டு அவரை 1942-இல் திருமணம் செய்துகொண்டார், 1951-இல் விவாகரத்து ஆனது. 1954-இல் வந்த ‘கார்மென் ஜோன்ஸ்’ படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரை பெற்ற முதல் கறுப்பினப் பெண் என்று வரலாற்றில் இடம்பிடித்தவர் அந்த டான்ட்ரிட்ஜ்தான். ‘ஆர்கெஸ்ட்ரா வைவ்ஸ்’ படத்தில் சுவரில் ஓடி ஏறி, பின்பக்கமாக அந்தரத்தில் கரணம் அடித்து, நேராக ஸ்ப்ளிட்டில், அதாவது இரண்டு காலையும் முழுக்க விரித்த நிலையில், வந்து இறங்கும் வேலை உண்டு. பத்து வருஷம் கழித்து வேறொரு புகழ்பெற்ற இசைப் படத்தில் டொனால்ட் ஓ’கானர் சுவரில் ஓடி ஏறிக் கரணம் அடித்ததை உலகமே கொண்டாடியது. அவருக்கு அந்தக் கொண்டாட்டம் தகும். ஆனால் அதற்கு முன்பே இவர்கள் படத்தில் சுவரில் ஏறியாகிவிட்டது.

இந்த ஃபாக்ஸ் படங்களில் அவர்களோடு உட்கார்ந்து நடனத்தை யோசித்தவர் நிக் காசில் என்ற நடன இயக்குநர். ‘ஸ்டார்மி வெதர்’ படிக்கட்டுக் காட்சியும் அவரோடு செய்ததுதான்.

சரி, அந்தக் காட்சி. படத்தில் நடித்தவர்கள் எல்லோரும் கறுப்பினக் கலைஞர்கள்: லீனா ஹார்ன், பில் ராபின்சன், ஃபேட்ஸ் வாலர், கேத்தரின் டன்ஹம், கேப் கேலவே. படம் மொத்தமே 78 நிமிடம். முடிவில் கேலவே தன் குழுவோடு ‘ஜம்ப்பின் ஜைவ்’ பாட, சகோதரர்கள் உள்ளே வருகிறார்கள். முதலில் வாத்தியக்காரர்களின் நடுவே, அவர்களுக்கு முன்னால் இருக்கும் மேடைத் திட்டுகளில் ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குத் தாவித் தாவி ஆடுகிறார்கள், கீழே தரை என்ற ஒன்று இருப்பதாகவே நினைக்காமல். அப்புறம் பியானோ மேல் ஏறி, வாசிக்கிறவர் ஒரு சொற்கட்டு கொடுக்க இவர்கள் காலால் பதில் கொடுக்கிறார்கள். பிறகுதான் படிக்கட்டு. சாதாரணப் படி இல்லை, உயரமும் அகலமுமாகக் கட்டிய பெரிய படிகள். ஒருவர் ஒரு படியில் ஸ்ப்ளிட்டில் விழ, மற்றவர் பின்னாலிருந்து அவர் தலைக்கு மேலாகப் பச்சைக்குதிரை தாண்டி அடுத்த படியில் ஸ்ப்ளிட்டில் விழ, முதலாமவர் அதற்குள் எழுந்து இவரைத் தாண்டி அடுத்த படிக்கு. இப்படியே கீழே வரை. பிறகு மீண்டும் மேலே ஓடி, பக்கவாட்டுச் சரிவில் வழுக்கி வந்து மறுபடி ஸ்ப்ளிட்.

எழுந்து நிற்பதைக் கவனியுங்கள். விழுவது கஷ்டம், எழுவது அதைவிடக் கஷ்டம். கையைத் தரையில் ஊன்றுவதே இல்லை. விரிந்த இரண்டு கால்களையும் தொடைத் தசையின் பலத்தாலேயே உள்ளே இழுத்து, நூலைப் பிடித்து மேலே தூக்கிய பொம்மை மாதிரி நேராக எழுகிறார்கள். கை ஊன்றினால் உடம்பு முன்னால் குனியும், பார்வை தரைக்குப் போகும், தாளம் நிற்கும். ஊன்றாததால் விழுவதும் எழுவதும் ஒரே அசைவாகிவிடுகிறது. நான் இந்தப் பகுதியை மெதுவாக ஓட்டி எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். எங்கேயும் ஒரு தடுமாற்றம், ஒரு அவசரம் தெரியவில்லை. கீழே மெத்தை இல்லை. கேமரா தள்ளி நின்று முழு உடம்பையும் காட்டுகிறது, ஒளிக்க இடமே இல்லை. ஒத்திகை பார்க்க வேண்டாம், நேராகச் செய்துவிடுங்கள் என்று காசில் சொன்னதாகவும் ஒரே டேக்கில் முடிந்ததாகவும் ஃபயார்ட் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். படம் வெளிவந்தபோது அவருக்கு 28 வயது, ஹெரால்டுக்கு 22. ஃபிரெட் அஸ்டேர் இதைத் தான் பார்த்ததிலேயே மிகச் சிறந்த திரை நடனம் என்று சகோதரர்களிடம் சொன்னதாகப் பதிவாகியிருக்கிறது. தன் நடனத்தில் ஒரு விரல் அசைவுக்குக்கூட நாள்கணக்கில் ஒத்திகை பார்த்த மனிதர் அவர், சும்மா புகழ்கிற ஆள் இல்லை.

இன்னொன்று. அந்தப் படத்தின் கதாநாயகன் பில் ராபின்சன். படிக்கட்டு நடனம் என்றாலே அவர்தான். 1935-இல் ‘தி லிட்டில் கர்னல்’ படத்தில் சிறுமி ஷெர்லி டெம்பிளோடு படியில் ஏறி இறங்கி ஆடியது உலகப் புகழ் பெற்றது. ஒரு கறுப்பின ஆணும் ஒரு வெள்ளைச் சிறுமியும் கைகோத்து ஆடியதையே பொறுக்காமல், அமெரிக்காவின் தென் மாநிலங்களில் திரையிடும்போது அந்தப் பகுதியை வெட்டினார்கள். ராபின்சன் கிட்டத்தட்ட 65 வயதில் கதாநாயகனாக நடித்த படத்திலேயே அடுத்த தலைமுறை வந்து படிக்கட்டை எடுத்துக்கொண்டது. படியில் ஏறி இறங்குவதை அவர் இசையாக்கினார், இவர்கள் அதே படியில் பறந்தார்கள்.

அந்த வெட்டுதான் மூன்றாவது கேள்விக்குப் பதில். தென் மாநிலத் தியேட்டர்காரர்களும் அங்கிருந்த தணிக்கைக் குழுக்களும், கறுப்பினக் கலைஞர் வேலைக்காரராக வந்தால் ஏற்றுக்கொள்வார்கள், அழகும் கம்பீரமுமாக வந்தால் கத்தரிப்பார்கள். ஸ்டுடியோக்களுக்கு அந்த வசூல் வேண்டும். அதனால் கறுப்பினக் கலைஞர்களின் ஆட்டத்தையும் பாட்டையும் கதையோடு ஒட்டாத தனித் துண்டாகவே எடுத்தார்கள். இதற்கு ‘ஸ்பெஷாலிட்டி நம்பர்’ என்று பெயர். கதாநாயகனும் நாயகியும் கிளப்புக்குப் போவார்கள், மேடையில் யாரோ இருவர் ஆடுவார்கள், முடிந்ததும் கதை தொடரும். அந்த மூன்று நான்கு நிமிடத்தை உருவிவிட்டால் கதையில் ஒரு வசனம்கூட இடறாது. லீனா ஹார்னுக்கும் எம்ஜிஎம் ஸ்டுடியோவில் இதே நிலைதான், நின்று ஒரு பாட்டுப் பாடுவார், கதையில் யாருக்கும் அவரைத் தெரியாது.

நிக்கலஸ் சகோதரர்களின் ஃபாக்ஸ் படங்களை இந்தக் கண்ணோடு பாருங்கள். கிரேபிளோடு ஒரு வார்த்தை பேசமாட்டார்கள். அவர்களுக்கு வீடு இல்லை, காதல் இல்லை, சண்டை இல்லை, பெரும்பாலும் பாத்திரப் பெயரே இல்லை. அஸ்டேர் ஆடினால் அது ஒருவன் ஒருத்தியிடம் மனதைச் சொல்வது, கெல்லி ஆடினால் காதல் கைகூடிய ஒருவனின் சந்தோஷம். அந்த நடனங்களை நாம் ஞாபகம் வைத்திருப்பது காலுக்காக மட்டும் இல்லை, அந்த மனிதனுக்கு என்ன நடந்தது என்று தெரிந்ததால். இவர்களுக்கு அந்த வசதி மறுக்கப்பட்டது. கையில் இருப்பது மூன்று நிமிடம், அதுவும் சில ஊர்களில் வெட்டுப்படப்போகிற மூன்று நிமிடம். தங்களிடம் இருந்த அத்தனையையும் அதற்குள் அடைக்க வேண்டியிருந்தது. ‘ஜம்ப்பின் ஜைவ்’வில் மூச்சுவிட இடமில்லாமல் ஒன்றன்மேல் ஒன்றாக அதிசயம் வருவதற்கு இதுதான் காரணம் என்பது என் எண்ணம்.

அவர்களுக்கு நடிக்க வராது, அதனால்தான் வாய்ப்பில்லை என்று யாராவது சொன்னால் 1946-ஐக் காட்டலாம். பிராட்வேயில் ‘செயின்ட் லூயிஸ் வுமன்’ என்ற இசை நாடகம். ஹெரால்டுக்கு லிட்டில் ஆகி என்ற குதிரைப் பந்தய ஜாக்கி வேடம், முக்கிய வேடம். ஃபயார்டுக்கும் பெயரோடு ஒரு வேடம். பிற்காலத்தில் எத்தனையோ பெரிய பாடகர்கள் பாடிய ‘கம் ரெயின் ஆர் கம் ஷைன்’ பாட்டை முதன்முதலில் மேடையில் ரூபி ஹில்லோடு சேர்ந்து பாடியவர் ஹெரால்டு. 113 காட்சிகளோடு நாடகம் முடிந்துபோனது, ஆனால் அந்த மேடையில் அவர் காதலித்தார், வருந்தினார், பாடினார். திரையில் இது ஒருநாளும் நடக்கவில்லை.

1948-இல் எம்ஜிஎம்மின் ‘தி பைரேட்’. வின்சென்ட் மினெல்லி இயக்கம், ஜூடி கார்லண்ட், ஜீன் கெல்லி. கெல்லி இவர்களோடு சேர்ந்து கோமாளி உடையில் ‘பி எ க்ளௌன்’ ஆடினார். கெல்லி தனியாக முன்னால், இவர்கள் பின்னால் என்று இல்லை. மூன்று பேரும் தோளோடு தோள், ஒரே அடவு, ஒரே உருளல், ஒரே விழுதல். கெல்லி இதை விரும்பிச் செய்தார், அதற்காக அவர்மேல் எனக்கு எப்போதும் மரியாதை உண்டு. தெற்கில் சில ஊர்களில் இதையும் வெட்டினார்கள். அதே பாட்டைக் கெல்லியும் கார்லண்டும் படத்தின் முடிவில் மறுபடி ஆடுகிறார்கள், ஆகவே வெட்டிய ஊர்களில் ரசிகர்களுக்கு எதையும் இழந்த மாதிரியே தெரிந்திருக்காது.

இதற்குப் பிறகு ஹாலிவுட்டே மாறியது. பாட்டும் நடனமும் கதையிலிருந்து கிளம்ப வேண்டும், பாத்திரமே ஆட வேண்டும் என்ற பாணி 1950களில் கெட்டிப்பட்டது. கலையாகப் பார்த்தால் நல்ல வளர்ச்சி. ஆனால் பாத்திரமே கொடுக்கப்படாதவர்களுக்கு அதில் நிற்க இடம் எங்கே? கிளப் மேடையில் வந்து ஆடிவிட்டுப் போகும் அந்தத் துண்டும் போயிற்று. கொஞ்ச நாளில் ஸ்டுடியோ இசைப் படங்களே குறைந்துவிட்டன. சகோதரர்கள் ஐரோப்பாவுக்குப் போனார்கள். 1948-இல் லண்டனில் மன்னர் ஆறாம் ஜார்ஜ் முன்னால் ஆடினார்கள். ஹெரால்டு பிரான்சில் பல வருஷம் தங்கிவிட்டார், ஃபயார்ட் அமெரிக்கா திரும்பினார். 1960களில் தொலைக்காட்சியில் மறுபடி சேர்ந்து ஆடினார்கள்.

மரியாதை தாமதமாக வந்தது, ஆனால் அவர்கள் உயிரோடு இருக்கும்போதே வந்தது. ‘பிளாக் அண்ட் புளூ’ என்ற பிராட்வே நிகழ்ச்சியின் நடன அமைப்புக்காக 1989-இல் ஃபயார்டுக்கு மற்ற மூவரோடு சேர்த்து டோனி விருது, அது பிராட்வே மேடைக்கான பெரிய விருது. 1991-இல் இருவருக்கும், கலைஞர்களின் வாழ்நாள் பங்களிப்புக்காக அமெரிக்காவில் தரப்படும் கென்னடி சென்டர் கௌரவம். பாப் பாடகி ஜேனட் ஜாக்சனின் 1990 வீடியோ ஒன்றில் கேலவேயோடும் ஹாலிவுட் நடன நடிகை சிட் சாரிஸோடும் தலைகாட்டினார்கள். ஹெரால்டு 2000 ஜூலையில் காலமானார், ஃபயார்ட் 2006 ஜனவரியில், 91 வயதில். அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் ‘ஸ்டார்மி வெதர்’ படத்தை 2001-இல் சேர்த்தது. 2011-இல் நிக்கலஸ் குடும்பம் வீட்டுக் கேமராவில் எடுத்த படச் சுருள்களையும் சேர்த்தது. ஸ்டுடியோ கேமரா அவர்களை ஆடும்போது மட்டும்தான் பார்த்தது. இந்தச் சுருள்களில் ஆடாத நேரத்து நிக்கலஸ் குடும்பமும், அவர்கள் வாழ்ந்த காலத்து ஹார்லெமும் இருக்கின்றன.

எதிலிருந்து பார்க்க ஆரம்பிப்பது என்றால், ‘டவுன் ஆர்ஜென்டைன் வே’ நடனம் முதலில், அடுத்து ‘சன் வேலி செரனேட்’, அப்புறம் ‘ஆர்கெஸ்ட்ரா வைவ்ஸ்’, கடைசியாக ‘ஜம்ப்பின் ஜைவ்’. அந்த வரிசையில் போனால் ஒவ்வொரு படத்திலும் ஒரு படி கூடுவது தெரியும். ‘ஜம்ப்பின் ஜைவ்’வை மட்டும் இரண்டு தடவை பாருங்கள். முதல் தடவை கண் தானாகக் காலுக்குத்தான் போகும், போகட்டும். இரண்டாவது தடவை படிக்கட்டு வரும்போது காலை விட்டுவிட்டு ஃபயார்டின் கைகளை மட்டும் பாருங்கள்.